அமைதி காக்கும் வேலை: கலவரம் கண்ட ஊர்களும் ஆவணப்படமும்

(ஸ்ரீவில்லிபுத்தூரில் நிகழ்த்திய அறக்கட்டளைச் சொற்பொழிவு. அச்சுக்காகச் சுருக்கித் திருத்தியது.)



ஆவணப்படம் பற்றி ஒரு மணி நேரம் பேச வேண்டும் என்று அழைத்தார்கள். உலக ஆவணப்பட வரலாற்றை வரிசையாகச் சொல்லிவிட்டுப் போகலாம். அதைவிட, எந்த ஊரில் நின்று பேசுகிறோமோ அந்த ஊருக்குப் பயன்படும்படி பேசுவதே முறை என்று நினைத்தேன்.

1875இல் தொடங்கிய பென்னிங்டன் நூலகம் இந்த ஊரில் இருக்கிறது. பத்துப் பன்னிரண்டு கிலோமீட்டர் தள்ளி ராஜபாளையம். சென்னை மாகாணத்தின் முதலமைச்சராக இருந்த பூ.ச. குமாரசாமி ராஜா தம் வீட்டையே காந்தி கலை மன்றத்துக்காகக் கொடுத்த ஊர் அது. படிப்பையும் கலையையும் பொதுச் சொத்தாகக் கருதும் மரபு இரண்டு ஊருக்கும் உண்டு. இதே வட்டாரம்தான் 1990களின் சாதிக் கலவரத்தையும் கண்டது. மில் சங்கை வைத்து நாளை அளந்த ஊர்களில் போலீஸ் முகாமும் தடை உத்தரவும் நாளை அளக்கத் தொடங்கின. இன்று வெளியூர்க்காரர் ஒருவர் வந்து இறங்கினால் அவர் கண்ணில் படுவது ஆண்டாள் கோயில் கோபுரம், பால்கோவாக் கடைகள், மேற்கே மலைத்தொடர். கலவரத்தின் தடம் எதுவும் அவருக்குத் தெரியாது. அந்தத் தடம் தெரியாதபடி இந்த ஊர்களை யாரோ தினமும் நடத்திக்கொண்டிருக்கிறார்கள். அவர்களைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். கலவரம் கண்ட சமூகத்தில் அமைதி தானாக நிலவுவதில்லை. சிலர் தினமும் உழைத்து அதைக் காக்கிறார்கள். அந்த உழைப்புக்குக் கூலி கிடையாது. அதன் சுமையும் எல்லார் தோளிலும் ஒரே அளவில் இறங்குவதில்லை. இந்த வேலை என்ன, யார் செய்கிறார்கள், சுமை எந்தத் தெருவில் அதிகம் என்பதைப் பதிவு செய்வதே நம் வட்டாரத்தில் ஆவணப்படத்தின் முதற்கடமை. இதை ஏழு பகுதிகளாக விரித்துச் சொல்கிறேன்.

1. சாட்சியப் படங்கள் செய்த வேலை

தென் மாவட்டங்களின் அண்மை வரலாற்றில் சில தேதிகளை யாரும் மறக்க முடியாது. 1995 ஆகஸ்ட் 31 அன்று கொடியன்குளத்துக்குள் போலீஸ் படை புகுந்து வீடுகளையும் பொருள்களையும் நாசம் செய்தது. 1997 ஜூன் 30 அன்று மேலவளவு ஊராட்சித் தலைவர் முருகேசன் உள்ளிட்டோர் கொல்லப்பட்டார்கள். 1999 ஜூலை 23 அன்று திருநெல்வேலியில் மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக நடந்த ஊர்வலத்தைப் போலீஸ் அடித்துக் கலைத்தபோது தாமிரபரணியில் 17 பேர் உயிரிழந்தார்கள்.

அந்த ஆற்றங்கரைக் கொடுமையைப் பற்றி ஆர்.ஆர். சீனிவாசன் எடுத்த படம் 'நதியின் மரணம்'. அதற்கும் முந்தைய ஒரு கொடுமையை, 1968 டிசம்பர் 25 இரவில் கீழ்வெண்மணியில் 44 பேர் எரிக்கப்பட்டதை, பாரதி கிருஷ்ணகுமார் 'ராமையாவின் குடிசை' படத்தில் உயிரோடு இருந்த சாட்சிகளின் வாயாலேயே சொல்ல வைத்தார். தமிழில் அரசியல் ஆவணப்படம் என்றால் நம் நினைவுக்கு முதலில் வருபவை இத்தகைய படங்கள்தான். வரவும் வேண்டும். நடந்ததை நடக்கவில்லை என்று சொல்ல ஆள் இருக்கும் நாட்டில், கண்டவர் முகமும் குரலும் பதிவாகியிருப்பது பெரிய பலம். விசாரணைக் கமிஷன் அறிக்கை அலமாரியில் கிடக்கும். படமோ கல்லூரிக்கும் சங்கக் கூட்டத்துக்கும் தெருமுனைக்கும் போகும்.

இந்தப் படங்கள் எல்லாம் ஒரு நாளை நோக்கிச் செல்பவை. அவை ஏற்றுக்கொண்ட வேலை அது, அதைச் செம்மையாகச் செய்தன. ஆனால் அந்த நாள் ஓய்ந்த பிறகும் ஊர் இருக்கிறது. அதே கிணறு, அதே ரேஷன் கடை, அதே பள்ளிக்கூடம். அடித்தவன் வீட்டுப் பிள்ளையும் அடிபட்டவன் வீட்டுப் பிள்ளையும் ஒரே பெஞ்சில் உட்கார வேண்டும். அந்த வாழ்க்கையைக் காட்டும் படங்கள் நம்மிடம் மிகக் குறைவு. அதனால் என்ன நேர்கிறது? கலவரம் எங்கோ எப்போதோ வெடித்து அணைந்துபோன ஒன்று என்ற எண்ணம் பார்ப்பவர் மனத்தில் தங்கிவிடுகிறது. வெடிப்பதற்கு முன்னும் பின்னும் அது எங்கே குடியிருக்கிறது என்று அவர் கேட்பதில்லை.

2. பேருந்துக்குள் வந்த கலவரம்

கலவரம் அன்றாடத்துக்குள்தான் குடியிருக்கிறது. இதற்கு இந்த மாவட்டத்தைவிட நல்ல சான்று வேறு வேண்டியதில்லை.

1985இல் ராமநாதபுரத்திலிருந்து பிரிந்தபோது இந்த மாவட்டத்துக்குக் காமராஜர் பெயர். தமிழ்நாட்டில் மாவட்டங்களுக்கும் போக்குவரத்துக் கழகங்களுக்கும் தலைவர்கள் பெயரைச் சூட்டிய காலம் அது. 1997இல் இங்கே புதிதாக அமைந்த போக்குவரத்துக் கழகத்துக்கு வீரன் சுந்தரலிங்கம் பெயர் அறிவிக்கப்பட்டது. கட்டபொம்மனோடு நின்று போரிட்டவர் என்று தேவேந்திரகுல வேளாளர் சமூகம் போற்றும் வீரர் அவர். அந்தப் பெயர் எழுதிய பேருந்தில் ஏற மாட்டோம் என்று எதிர்ப்புக் கிளம்பியது. பேருந்துகள் கல்லடி பட்டன, மோதல் ஊர் ஊராகப் பரவியது, வீடுகள் எரிந்தன, உயிர்கள் போயின. கடைசியில் அரசு ஒரு தலைவர் பெயரை மட்டும் எடுக்க வழியில்லாமல் எல்லா மாவட்டங்களின், எல்லாப் போக்குவரத்துக் கழகங்களின் பெயர்களிலிருந்தும் தலைவர்களை நீக்கியது. காமராஜர் மாவட்டம் விருதுநகர் மாவட்டம் ஆனது இப்படித்தான்.

ஒரு பேருந்தின் பக்கவாட்டில் எழுதிய பெயருக்காக இவ்வளவா என்று வெளியூர்க்காரர்கள் கேட்டார்கள். பேருந்து இங்கே எப்படி ஓடுகிறது என்று பார்த்தவர்களுக்கு அந்தக் கேள்வி எழாது. ராஜபாளையத்திலோ ஸ்ரீவில்லிபுத்தூரிலோ மாலை 6 மணி வாக்கில் ஒரு டவுன் பஸ்ஸில் ஏறிக் கடைசி நிறுத்தம் வரை போய்ப் பாருங்கள். பல ஊர்களில் இரண்டு நிறுத்தம் இருக்கும். ஒன்று ஊர் ஸ்டாப், மற்றது காலனி ஸ்டாப். இரண்டுக்கும் நடுவே கூப்பிடு தூரம்தான் இருக்கும். டிக்கெட் ஒரே விலை. மில்லில் ஒரே ஷிப்டு முடிந்து ஒரே கம்பியைப் பிடித்து நின்று வந்தவர்கள் அங்கே இரண்டாகப் பிரிந்து இறங்குவார்கள். ஓட்டுநர் எங்கே நிற்க வேண்டும், எங்கே கூடுதலாக அரை நிமிடம் நிற்கக் கூடாது, முன் வாசலில் தொங்கும் இளவட்டங்களை எப்படிப் பேசி உள்ளே அனுப்புவது, எந்தப் பாட்டை ஸ்பீக்கரில் போடக் கூடாது என்பதெல்லாம் நடத்துநருக்கு அத்துப்படி. எந்தப் பயிற்சி வகுப்பிலும் அவருக்கு இதைச் சொல்லித் தரவில்லை.

என் மாணவர்களுக்கு நான் சொல்வது, கேமராவை அந்த நடத்துநர் தோளுயரத்தில் வைத்துக்கொள்ளுங்கள் என்பதுதான். யாரையும் பேட்டி காண வேண்டாம். முதல் நிறுத்தத்திலிருந்து கடைசி நிறுத்தம் வரை அவர் கண் எங்கே போகிறது, விசில் எப்போது நீள்கிறது, எந்த இடத்தில் குரல் தாழ்கிறது என்று பாருங்கள். 40 நிமிடப் பயணத்தில் இந்த வட்டாரத்தின் சமூக வரைபடம் முழுக்க வந்துவிடும்.

3. அமைதி காப்பவர்கள் யார்

நடத்துநர் ஒருவர் மட்டுமா? ஒரு சாமி ஊர்வலம் எந்தத் தெரு வழியாகப் போக வேண்டும், எந்த முனையில் மேளம் நிற்க வேண்டும் என்று வட்டாட்சியர் அலுவலகத்தில் சமாதானக் கூட்டம் கூடும். இரு தரப்புப் பெரியவர்களும் கையெழுத்துப் போடுவார்கள். செய்தி அதோடு முடிந்துவிடும். கையெழுத்துப் போட்டவர் ஊருக்குத் திரும்பித் தன் தெரு இளைஞர்களிடம், "இந்த வருசம் இப்படிப் போகட்டும்யா" என்று இரவு முழுக்கப் பேசி ஒப்புக்கொள்ள வைப்பாரே, அந்தப் பேச்சுத்தான் சமாதானம். அதை எந்தக் கேமராவும் பார்த்ததில்லை.

ஆரம்பப் பள்ளித் தலைமையாசிரியை ஒருவர் பெஞ்சில் பிள்ளைகளை மாற்றி உட்கார வைக்கிறார். சத்துணவுக் கூடத்தில் எந்தப் பிள்ளை தட்டைத் தூக்கிக்கொண்டு தனியே போகிறது என்று கவனிக்கிறார். சத்திரப்பட்டியில் பேண்டேஜ் துணி நெய்யும் தறிக்கூடங்களிலும் தளவாய்புரத்து நைட்டித் தையல் கூடங்களிலும் பல சமூகத்துப் பெண்கள் பக்கத்தில் பக்கத்தில் வேலை பார்க்கிறார்கள். பக்கத்து ஊரில் அடிதடி நடந்த மறுநாள் காலை தறி ஓடத் தொடங்கும்போது யார் யாரிடம் முதலில் பேசினார்கள்? என்ன சொல்லிப் பேச்சை ஆரம்பித்தார்கள்? நூல் அறுந்ததைப் பற்றியா, பிள்ளையின் காய்ச்சலைப் பற்றியா? இந்த ஒரு கேள்வியை மட்டும் வைத்துக்கொண்டு ஒரு முழுப்படம் எடுக்கலாம்.

தலைவர்களின் சிலைகளைப் பாருங்கள். தென் மாவட்டங்களில் எத்தனையோ சிலைகள் இரும்புக் கம்பிக் கூண்டுக்குள் நிற்கின்றன. கூண்டைப் போட்டது அரசு. ஆனால் காலையில் அதைச் சுற்றிப் பெருக்குகிறவர், பக்கத்தில் பெட்டிக்கடை வைத்திருப்பவர், இரவில் அந்த முக்கில் யாரும் கூடாமல் பார்த்துக்கொள்பவர் என்று ஒவ்வொரு கூண்டுக்கும் ஆட்கள் உண்டு. தலைவர்களின் நினைவு நாளுக்காகச் செப்டம்பர் 11 அன்று பரமக்குடிக்கும் அக்டோபர் 30 அன்று பசும்பொன்னுக்கும் வாகனங்கள் போகும் நாட்களில் எந்தச் சாலையில் எந்த வண்டி போகலாம் என்று போலீஸ் வகுத்துவிடும். அந்தத் தேதிகளை ஒட்டிக் கல்யாணம் வைக்காத குடும்பங்களும், அன்று கல்லூரிக்குப் போகும் பிள்ளையிடம் எந்தப் பஸ்ஸில் வர வேண்டும் என்று சொல்லி அனுப்பும் தாய்மாரும் போலீஸ் கணக்கில் வருவதில்லை.

இந்த உழைப்பில் சம பங்கு கிடையாது. இதை அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். அமைதிக்காக யார் சுற்று வழியில் போகிறார்கள், யார் ஒலிபெருக்கியைத் தணித்துக்கொள்கிறார்கள், யாருடைய கோயில் திருவிழா தள்ளிப்போகிறது என்று கணக்கெடுத்தால், பெரும்பாலும் ஒடுக்கப்பட்டவர் தெருவில்தான் கணக்கு ஏறும். "நீங்க கொஞ்சம் அனுசரிச்சுப் போங்கப்பா" என்ற வாக்கியம் எந்தத் தெருவில் அதிகமாகச் சொல்லப்படுகிறது என்று நம் எல்லாருக்கும் தெரியும். சமாதானத்தைக் கொண்டாடும் படம் இந்தக் கணக்கைக் காட்டாமல் போனால் அது அநீதிக்குத் துணை போகும். இரு தரப்பும் சகோதரர்கள் என்று முடிவில் ஒரு பாட்டைப் போட்டு நிறைவு செய்யும் படங்களை நான் ஏற்பதில்லை. யார் எவ்வளவு விட்டுக்கொடுத்தார்கள் என்று காட்டிவிட்டுப் பிறகு சகோதரத்துவத்தைப் பேசலாம்.

4. தங்கி எடுக்கும் படம்

இப்படிப்பட்ட வேலையை இரண்டு நாள் வந்து படம்பிடிக்க முடியாது. கேமரா புதிதாக இருக்கும் வரை எல்லாரும் நல்ல சட்டை போட்டுக்கொண்டு நல்ல பேச்சுத்தான் பேசுவார்கள். தங்க வேண்டும். உலகத்தில் இதைச் செய்து காட்டியவர்கள் இருக்கிறார்கள்.

ஜப்பானில் நரிதா விமான நிலையத்துக்காக விவசாயிகளின் நிலத்தை எடுக்க 1966இல் அரசு முடிவு செய்தது. விவசாயிகள் எதிர்த்துப் போராடினார்கள். ஒகாவா ஷின்சுகே என்ற இயக்குநர் தன் குழுவோடு அங்கேயே குடியேறி 1968 முதல் 1977 வரை படங்களின் வரிசை ஒன்றையே எடுத்தார். முதலில் வந்த படங்கள் போலீசும் விவசாயிகளும் மோதும் களத்தைக் காட்டின. 1971 செப்டம்பரில் நடந்த கடும் மோதலில் போலீஸ்காரர் 3 பேர் இறந்தார்கள், அந்த வட்டார இளைஞர்கள் பலர் கைதானார்கள். அதற்குப் பிறகு ஒகாவா கேமராவைத் திருப்பினார். 1973இல் வந்த 'ஹெத்தா கிராமம்' படத்தில் போராட்டக் களம் பின்னால் போய்விடுகிறது. முதியவர்கள் உட்கார்ந்து பேசுகிறார்கள், கேமரா வெட்டாமல் கேட்டுக்கொண்டே இருக்கிறது. யார் வீட்டு இளைஞன் சிறையில் இருக்கிறான், ஊர்ச் சுடுகாட்டை என்ன செய்வது, பழைய வழக்கங்கள் என்ன என்று பேச்சு போகிறது. ஓர் ஊர் எதை வைத்து இத்தனை ஆண்டுகள் எதிர்த்து நின்றது என்பது மோதல் காட்சிகளைவிட இந்தப் பேச்சில்தான் விளங்குகிறது. பின்னால் அந்தக் குழு யாமகட்டா வட்டாரத்துக்குப் போய் நெல் பயிரிட்டுக்கொண்டே படமெடுத்தது.

நம் நாட்டில் ஆனந்த் பட்வர்தன். 1997 ஜூலை 11 அன்று மும்பை ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்கு நேர்ந்த அவமதிப்பை எதிர்த்துத் திரண்ட மக்கள்மேல் போலீஸ் சுட்டதில் 10 பேர் இறந்தார்கள். அந்தத் துயரத்தில் பாடகர் விலாஸ் கோக்ரே தற்கொலை செய்துகொண்டார். அங்கே தொடங்கிய படம் 'ஜெய் பீம் காம்ரேட்' 14 ஆண்டுகள் கழித்து 2011இல் முடிந்தது. கலவரச் செய்தியாக ஆரம்பித்தது, ஒரு மக்கள் கூட்டம் பாட்டால் தன்னைத் தாங்கிக்கொண்ட வரலாறாக வளர்ந்தது. 14 ஆண்டுகள் போகாமல் அது கிடைத்திருக்காது.

பாலஸ்தீனத்தின் பிலின் கிராமத்தைச் சேர்ந்த இமாத் புர்னாத் 2005இல் தன் கடைசி மகன் பிறந்ததைப் படம்பிடிக்க ஒரு கேமரா வாங்கினார். ஊர் நிலத்தில் தடுப்பு வேலி வந்தது, ஒலிவ மரங்கள் போயின. மகனும் வளர்ந்தான். கேமராக்கள் ஒவ்வொன்றாக உடைந்தன. கை டேவிடி என்ற இஸ்ரேலியரோடு சேர்ந்து அவர் உருவாக்கிய 'உடைந்த 5 கேமராக்கள்' ஆஸ்கர் பரிந்துரைப் பட்டியல் வரை போயிற்று. அவர் எங்கும் போய்த் தங்கவில்லை. தன் வீட்டிலேயே இருந்தார். நம் மாணவர்கள் குறித்துக்கொள்ள வேண்டியது இதைத்தான். வெளியூர்க்காரருக்கு ஆண்டுக்கணக்கில் தங்கினால் கிடைப்பது, உள்ளூர்ப் பிள்ளைக்குத் தன் வாசலிலேயே இருக்கிறது.

நீண்ட காலம் என்றால் நீண்ட படம் என்று பொருள் இல்லை. மதுரையில் ஒரு தெருவில் மலம் அள்ளும் பெண் ஒருவரின் வேலை நாளைத் தொடர்ந்து சென்று ஆர்.பி. அமுதன் 2003இல் எடுத்த 'பீ' அரை மணி நேரத்துக்கும் குறைவான படம். கலவரம் எதுவும் அதில் இல்லை. ஆனால் சாதி என்பது தினமும் காலையில் ஒருவர் கையில் துடைப்பமாக வந்து சேர்கிறது என்பதை அந்தப் படம் காட்டிய அளவுக்கு வேறு எதுவும் எனக்குக் காட்டியதில்லை. வேலையை வேலையாகவே, அதற்கு ஆகும் நேரத்தோடு காட்டினால் போதும் என்பதற்கு அதுவே சாட்சி. இந்த மாவட்டத்துக்கும் அப்படி ஒரு படம் அமைந்தது. சிவகாசி வட்டாரத்துத் தீப்பெட்டி, பட்டாசுத் தொழிலில் குழந்தைகள் படும் பாட்டைக் காட்டி 1990இல் சலம் பென்னூர்கர் எடுத்த 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்'. வெளியிலிருந்து வந்தவர் அதை எடுத்தார், நாம் நன்றியோடு நினைக்க வேண்டும். அடுத்த படத்துக்கும் வெளியூர்க்காரர் வருவார் என்று காத்திருக்கக் கூடாது.

5. காதால் அறியும் ஊர்

ஆவணப்படம் என்றதும் எல்லாரும் காட்சியைப் பற்றியே பேசுகிறோம். கலவரம் கண்ட ஊர்களில் முதல் தகவல் காதுக்குத்தான் வரும். விசைத்தறிச் சத்தம் திடீரென்று நின்றால், வழக்கமான நேரத்துக்குப் பஸ் ஹாரன் கேட்காவிட்டால், இருட்டிய பிறகு ஒரே நேரத்தில் பல மோட்டார் சைக்கிள்கள் கிளம்பினால் வீட்டுக்குள் இருக்கும் பெண்கள் உடனே எழுந்து வாசலுக்கு வருவார்கள். திருவிழாவில் ஒலிபெருக்கியில் போட்ட ஒரு பாட்டுக்காக அரிவாள் தூக்கிய கதைகள் தென் மாவட்டங்களில் உண்டு. இன்று அந்த ஒலிபெருக்கி ஒவ்வொரு இளைஞன் கையிலும் செல்போனாக இருக்கிறது. சாதிப் பெருமை பேசும் பாட்டும் காட்சித் துணுக்கும் பள்ளி மைதானம் வரை வந்துவிட்டன.

2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு பள்ளி மாணவனையும் அவன் தங்கையையும் வீட்டுக்குள் புகுந்து சாதி வெறியில் வெட்டினார்கள். வெட்டியவர்களும் பள்ளி மாணவர்களே என்பதுதான் தமிழ்நாட்டை உலுக்கியது. அதற்குப் பிறகு அரசு அமைத்த நீதிபதி கே. சந்துரு குழு 2024 ஜூனில் அறிக்கை தந்தது. கையில் கட்டும் வண்ணக் கயிறு, மோதிரம், நெற்றி அடையாளம் போன்ற சாதிக் குறிகளைப் பள்ளிகளில் தடுக்க வேண்டும் என்றும், பள்ளிகளின் பெயரில் இருக்கும் சாதிப் பெயர்களை நீக்க வேண்டும் என்றும் அது பரிந்துரைத்தது. 1997இல் பேருந்தின் பக்கவாட்டில் இருந்த பெயர் இன்று பதினான்கு வயதுப் பையனின் மணிக்கட்டில் கயிறாக இருக்கிறது. பரிந்துரைகள் சுற்றறிக்கையாகப் பள்ளிக்கு வரும். வகுப்பறையில் அதை நடைமுறைப்படுத்துகிற ஆசிரியர், அந்தக் கயிற்றைக் கழற்றச் சொல்வதா வேண்டாமா என்று ஒவ்வொரு காலையும் முடிவெடுக்கிறார். அந்த நொடியில் அவர் குரல் எப்படி ஒலிக்கிறது என்று பதிவு செய்யுங்கள். கல்வித் துறைக்கும் அது உதவும்.

6. படத்தில் வருபவரின் பாதுகாப்பு

கேமரா ஊரைவிட்டுப் போய்விடும். பேசியவர் அங்கேயேதான் இருப்பார். அன்றாடத்தைப் படமெடுக்கும்போது இது இரட்டிப்பு ஆபத்து. கலவரத்தைப் பற்றிப் பேசுகிறவருக்குத் தான் பேசுவதன் கனம் தெரியும். டீக்கடையில் சாதாரணமாகப் பேசுகிறவருக்கு, திரையில் அதே பேச்சு என்னவாகும் என்று தெரியாது. ஆகவே மூன்று கட்டுப்பாடுகளை நான் முன்வைக்கிறேன்.

முதலாவது, சம்மதத்தை ஒரு தடவை கேட்டால் போதாது. எடுக்கும்போது ஒரு முறை, வெட்டித் தொகுத்த பிறகு ஒரு முறை, பொதுவில் காட்டுமுன் ஒரு முறை கேட்க வேண்டும். இரண்டாவது, முதல் திரையிடல் அந்த ஊரில், படத்தில் வருபவர்கள் முன்னால் நடக்க வேண்டும். அவர்கள் வேண்டாம் என்று சொல்லும் இடத்தை எடுத்துவிட வேண்டும், அது எவ்வளவு நல்ல காட்சியாக இருந்தாலும். மூன்றாவது, சிறுவர் முகத்தையும் வழக்கில் சாட்சியாக இருப்பவர் முகத்தையும் காட்டக் கூடாது. கையைக் காட்டலாம், வேலையைக் காட்டலாம், குரலை மட்டும் வைக்கலாம்.

சட்டத்தின் பக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். 1952ஆம் ஆண்டு திரைப்படச் சட்டப்படி பொதுத் திரையிடலுக்கு ஆவணப்படத்துக்கும் தணிக்கைச் சான்று வேண்டும். குஜராத் கலவரம் பற்றி ராகேஷ் சர்மா எடுத்த 'இறுதித் தீர்வு' படத்துக்கு 2004இல் முதலில் சான்று மறுத்தார்கள். அவர் படத்தை நகலெடுத்துப் பரப்புங்கள் என்று மக்களிடமே கொடுத்தார். அதே ஆண்டில் சான்று வந்தது. துப்புரவுத் தொழிலாளர் சாவுகளைப் பற்றித் திவ்யபாரதி 2017இல் எடுத்த 'கக்கூஸ்' படத்தைத் தமிழ்நாட்டில் பல இடங்களில் திரையிடப் போலீஸ் அனுமதிக்கவில்லை. யூடியூபில் வந்த பிறகுதான் பெருங்கூட்டம் பார்த்தது. இயக்குநர்மேல் வழக்குகளும் பாய்ந்தன. அன்றாடத்தைத்தானே எடுக்கிறோம், யார் தடுப்பார்கள் என்று எண்ண வேண்டாம். அன்றாடத்தில் இருக்கும் அநீதியைக் காட்டும்போதுதான் அதிகமாகத் தடுப்பார்கள். அந்தத் தடையை இயக்குநர் தாங்கிக்கொள்ளலாம். படத்தில் வந்த ஏழைத் தொழிலாளிமேல் அது விழாமல் பார்த்துக்கொள்வது இயக்குநரின் பொறுப்பு.

7. சேகரிப்பதும் படமெடுப்பதுதான்

கடைசியாக ஒரு வேண்டுகோள். தமிழில் ஆவணப்படத்தைத் தொடங்கி வைத்தவர் என்று நாம் கொண்டாடும் ஏ.கே. செட்டியார் 1940இல் வெளியிட்ட 'மகாத்மா காந்தி' படத்தில் பெரும்பகுதி அவர் எடுத்ததல்ல. உலகம் முழுக்கச் சுற்றி, எங்கெங்கோ யார் யாரோ பிடித்து வைத்திருந்த காந்தியின் படச்சுருள்களைத் தேடிச் சேகரித்தார். 50,000 அடிச் சுருள் சேர்ந்தது. நம் மொழியின் முதல் பெரிய ஆவணப்படம் தேடிச் சேர்த்த படம் என்பது நமக்குப் பெருமையான மரபு.

அந்த மரபை இங்கே தொடரலாம். 1990களில் ஸ்ரீவில்லிபுத்தூர், ராஜபாளையம் ஆகிய இந்த இரண்டு ஊர்களிலும் கல்யாண வீடியோ எடுத்த ஸ்டுடியோக்கள் எத்தனை! கலவரம் நடந்த அந்த ஆண்டுகளிலும் கல்யாணம் நடந்தது, காது குத்து நடந்தது, சடங்கு நடந்தது. பந்தியில் யார் யாரோடு உட்கார்ந்தார்கள், மொய் எழுதும் மேசைக்கு யார் வந்தார்கள், வாசலில் போலீஸ்காரர் நின்றாரா, ஊர்வலம் எந்தத் தெருவோடு திரும்பியது, எல்லாம் அந்த விஎச்எஸ் கேசட்டுகளில் இருக்கிறது. எடுத்தவருக்கு அது கலவரப் பதிவு என்று தெரியாது. எந்த நோக்கமும் இல்லாமல் எடுத்ததால்தான் அதற்கு மதிப்பு. அந்தக் கேசட்டுகள் பரணில் பூஞ்சை பிடித்துக்கொண்டிருக்கின்றன. ஓட்டிப் பார்க்கக் கருவியும் அரிதாகிவிட்டது. இன்னும் சில ஆண்டு போனால் ஒன்றும் மிஞ்சாது.

கல்லூரிகள் இதைக் கையிலெடுக்கலாம். குடும்பத்தார் சம்மதத்தோடு கேசட்டுகளை வாங்கி, கணினிக்கு மாற்றி, மூலத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டு, நகலை நூலகத்தில் வைக்கலாம். யார் பார்க்கலாம், எதைப் பார்க்கலாம் என்பதைக் கொடுத்த குடும்பமே முடிவு செய்யட்டும். அந்த வீடியோக்காரர்களையே முதல் ஆசிரியர்களாக அழையுங்கள். இரண்டு தெருவுக்கும் கேமராவோடு போய் வந்தவர்கள் அந்தக் காலத்தில் அவர்கள்தான். எந்தத் தெருவில் எப்போது பேட்டரி விளக்கை அணைக்க வேண்டும் என்று அறிந்தவர்கள். பிறகு மாணவர்கள் ஆளுக்கொரு வேலையை எடுத்துக்கொள்ளட்டும். ஒருவர் நடத்துநரை, ஒருவர் தறிக்கூடத்தை, ஒருவர் தலைமையாசிரியையை, ஒருவர் சமாதானக் கூட்டத்தில் கையெழுத்துப் போட்ட பெரியவரை. ஒவ்வொருவரும் தன் தெருவில் ஒன்று, அடுத்தவர் தெருவில் ஒன்று என்று இரண்டு படம் எடுக்க வேண்டும் என்பதை விதியாகவே வையுங்கள். அடுத்தவர் தெருவுக்குள் போய்ச் சம்மதம் கேட்டு நிற்பதும் படிப்பில் ஒரு பகுதிதான்.

இதனால் என்ன பயன் என்று கேட்பீர்கள். இதுவரை அமைதி காத்தவர்களின் உழைப்பு கணக்கில் ஏறவில்லை. அதனால்தான் ஒவ்வொரு தகராறிலும் அதே தெருவிடம் போய் மறுபடியும் அனுசரித்துப் போகச் சொல்கிறோம். முப்பது ஆண்டுகளாக யார் அனுசரித்தார்கள், எத்தனை முறை, எதை இழந்து என்பது படமாக நம் கையில் இருந்தால், அடுத்த சமாதானக் கூட்டத்தில் கேள்வி வேறு விதமாக எழும். இந்த முறை யார் முறை என்று கேட்க முடியும். அதிகாரிகளும் ஊர்ப் பெரியவர்களும் அதற்குப் பதில் சொல்லியாக வேண்டும். அமைதி எல்லாருக்கும் பொது என்றால் அதைக் காக்கும் வேலையும் எல்லாருக்கும் பொதுவாக வேண்டும். அதற்கான சான்றைச் சேர்க்கும் பொறுப்பை இந்த இரண்டு ஊர்களின் இளைஞர்களிடம் ஒப்படைக்கிறேன். அவர்களால் முடியும் என்று நம்புகிறேன்.